சேக்கிழார் ஆய்வு தாராசுரத்தில் பிறந்த கதை

ஒரு கதாசிரியரின் பாதிப்பு எவ்வளவு தூரம் போயிற்று என்று தேடுவது இன்று பல்கலைக்கழகங்களில் பெரிய துறை. அமெரிக்காவில் மெல்விலுக்கும் மார்க் ட்வைனுக்கும் தனி ஆய்விதழ்களே வருகின்றன. நமக்கு அந்த வேலை தாராசுரத்தில் உளியால் தொடங்கியது என்பேன்.

பெரியபுராணம் பாடிய சேக்கிழார் இரண்டாம் குலோத்துங்கன் காலத்தவர். அவன் மகன் இரண்டாம் இராசராசன் (1146-1173) தாராசுரத்தில் எடுப்பித்த ஐராவதேசுவரர் கோயிலில், விமானத்தின் வெளிச்சுவர் அடிப்பகுதியில் நாயன்மார் கதைகள் வரிசையாக இடம்பிடித்துவிட்டன. எல்லாம் சின்னஞ்சிறு சிற்பங்கள். கண்ணப்பர் கண்ணைத் தோண்டுகிறார். முதலை விழுங்கிய பிள்ளை சுந்தரருக்காக மீண்டு வருகிறான். பலவற்றுக்கு மேலே இன்னார் கதை என்று எழுத்துப் பொறிப்பும் உண்டு.

எல்லாம் சேக்கிழார் தந்தது என்று சொல்லிவிட முடியுமா? முடியாது. சுந்தரர் அடியார் பெயர்களைப் பாடினார். நம்பியாண்டார் நம்பி அந்தாதியில் கதைக் குறிப்புத் தந்தார். முதலாம் இராசராசன் காலத்திலேயே ஆதித்தன் சூரியன் என்ற அதிகாரி தஞ்சைப் பெரிய கோயிலுக்கு மெய்ப்பொருள் நாயனாரின் செப்புத் திருமேனியைக் கொடுத்திருக்கிறான். தன்னைக் குத்திய பகைவனைக்கூட, காவலன் தத்தனிடம் ‘தத்தா, இவர் நம்மவர்’ என்று சொல்லிக் காப்பாற்றிய கதை, அந்தக் கொடையைச் சொல்லும் கல்வெட்டில் திருமேனியின் பெயரோடே சேர்ந்து வருகிறது. அது சேக்கிழாருக்கு நூறாண்டுக்கு முந்தைய செய்தி. அப்படியானால் தாராசுரத்துச் சிற்பி எதைக் கேட்டுச் செதுக்கினான்? எந்தக் காட்சி சேக்கிழார் கைபட்டது? உண்மையான ஆய்வு இந்தக் கேள்வியில்தான் பிறக்கிறது.

இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் கல்வெட்டுத் துறையினர் எழுத்துகளைப் படியெடுத்தார்கள். 1979-ல் லண்டனைச் சேர்ந்த ஜே.ஆர். மார் இச்சிற்ப வரிசையைப் பற்றியே தனிக் கட்டுரை எழுதினார். 1987-ல் இக்கோயிலைப் பற்றிய பிரான்சுவாஸ் லெர்னோவின் நூலை ஒரு பிரெஞ்சு ஆய்வு நிறுவனம் வெளியிட்டது. குடவாயில் பாலசுப்ரமணியன் தமிழில் இக்கோயிலுக்கென்றே நூல் எழுதினார். சேக்கிழாரின் செல்வாக்கைப் பேசும் எவரும் இந்தச் சுவருக்கு வந்தே ஆகவேண்டும்.

வருகிற கூட்டமோ கல்தேர்ச் சக்கரத்தையும் குதிரையையும் படம் எடுத்துக்கொண்டு திரும்பிவிடுகிறது. நாயன்மார் வரிசை தாழ்வாக இருக்கிறது, குனிந்தால்தான் தெரியும். கும்பகோணம், தஞ்சைக் கல்லூரித் தமிழ்த்துறைகள் பெரியபுராண வகுப்பை ஆண்டுக்கு ஒரு நாளாவது இங்கே நடத்த வேண்டும். மாணவர்கள் கையில் நூலோடு வரட்டும்; சிற்பத்தைத் தொடாமல் பார்க்கட்டும்.