கேவுரு வந்த வழி

கல்வராயன் மலையில், வெள்ளிமலைக்குப் பக்கத்தில் ஒரு வீட்டில் சாப்பிடக் கூப்பிட்டிருந்தார்கள். விறகடுப்பில் ஒரு பக்கம் நாட்டுக்கோழிக் குழம்பு, மறுபக்கம் களிக்கு உலை. நான் கள்ளக்குறிச்சிக்காரன், களி தின்று வளர்ந்தவன். ஆனால் களி கிண்டுவதை அடுப்படியில் உட்கார்ந்து முழுதாகப் பார்த்தது அன்றைக்குத்தான்.

அந்த வீட்டுப் பாட்டி உலையில் ஒரு கை நொய்யைப் போட்டுக் குழைய விட்டார். பிறகு கேவுரு (கேழ்வரகு) மாவை நடுவில் குவியலாகக் கொட்டினார். கிளறவில்லை. துடுப்பின் காம்பால் குவியலின் நடுவே ஒரு குழி போட்டார். அந்தக் குழி வழியாகக் கொதிநீர் கொப்பளித்து ஏறி மாவை வேகவைக்க வேண்டும். அதற்குள் அவசரப்பட்டுக் கிளறினால் மாவு கட்டி தட்டிவிடும், உள்ளே பச்சை மாவு நிற்கும். வெந்ததும் சட்டியை இறக்கி, துணியைச் சுற்றிக் கால்களால் அழுத்திப் பிடித்துக்கொண்டு கிண்டினார். தோளை முறிக்கிற வேலை. பழுப்பு மாவு கறுத்து, பளபளப்பேறி, சட்டியில் ஒட்டாமல் சுருண்டு வந்தது. ஈரக்கையால் தொட்டுப் பார்த்தார். கையில் ஒட்டவில்லை. தண்ணீர் தொட்ட கிண்ணத்தில் போட்டு உருட்டி என் தட்டில் வைத்தார்.

"மெல்லக் கூடாது கண்ணு, முழுங்கணும்" என்றார்.

களியை மென்றால் பல்லில் அப்பும். விள்ளி, குழம்பில் புரட்டி, அப்படியே இறக்க வேண்டும். அதனால்தான் களிக்கு வைக்கும் கோழிக் குழம்பு சோற்றுக்கு வைப்பதைவிட நீர்க்க இருக்கும், காரமும் ஒரு படி கூட இருக்கும். இறைச்சிச் சாற்றில் மாவு உருண்டையைப் போட்டே வேகவைப்பவர்களும் உண்டு. கீழக்கரை, காயல்பட்டினம் வீடுகளின் தக்கடி அப்படிப்பட்டது. அமெரிக்காவின் தென்மாநிலங்களிலும் அதே முறைதான். எங்கள் பக்கத்தில் உருண்டை தனியாக வெந்து, தட்டில்தான் குழம்பைச் சந்திக்கிறது.

அந்தத் தட்டில் இருந்தவை எல்லாமே வெகுதூரம் வந்தவை.

கேழ்வரகு பிறந்தது கிழக்கு ஆப்பிரிக்காவில், எத்தியோப்பியாவுக்கும் உகாண்டாவுக்கும் இடைப்பட்ட மேட்டுநிலங்களில். கல்வராயனைப் போலவே மழையை நம்பிய சரிவு நிலம். பழங்காலத்திலேயே கடல் கடந்து தென்னிந்தியாவுக்கு வந்து, நம் மானாவாரிக் காடுகளில் பிறந்த ஊரைப் போலவே வேர்பிடித்துக்கொண்டது. மதுரைப் பக்கம் கேப்பை, எங்களுக்குக் கேவுரு, இலங்கையில் குரக்கன். தாவரவியலார் இதற்கு வைத்த 'கொரகானா' என்ற பெயர் அந்தக் குரக்கனிலிருந்து எடுத்ததுதான். உகாண்டாவில் இன்றைக்கும் கேழ்வரகு மாவைக் கொதிநீரில் கிண்டி உருண்டையாக்கி, குழம்பில் தொட்டு உண்கிறார்கள். அங்கே அதன் பெயர் 'கலோ'. களிக்கும் கலோவுக்கும் சொல்லுறவு இருப்பதாக நான் சொல்லவரவில்லை. ஆனால் அந்தப் பெயரை முதன்முதலில் படித்தபோது பாட்டியின் துடுப்புதான் கண்ணுக்குள் வந்தது.

கோழியின் மூதாதை தென்கிழக்கு ஆசியாவின் செங்காட்டுக்கோழி. தாய்லாந்தின் பான் நோன் வாட் என்ற இடத்தில் கிடைத்த எலும்புகளைக் கொண்டு, ஏறக்குறைய 3,500 ஆண்டுகளுக்கு முன்பே அங்கே கோழி வளர்த்தார்கள் என்று 2022-இல் வெளியான ஆய்வு சொல்கிறது. மானாவாரியாக நெல்லும் சிறுதானியமும் விதைத்த இடத்துக்கு, சிந்திய மணியைப் பொறுக்கக் காட்டுக்கோழி தானாக வந்தது, வந்தது தங்கிவிட்டது என்பது அந்த ஆய்வின் கருத்து. களத்துமேட்டில் கோழி கிளறுவதைப் பார்த்தவர்களுக்கு இதை நம்ப வேறு சாட்சி வேண்டாம். வளர்ப்புக்கோழியின் மஞ்சள் தோலுக்கான மரபணு மட்டும் நம் தென்னிந்தியக் காடுகளின் சாம்பல் காட்டுக்கோழியிடமிருந்து சேர்ந்தது என்று 2008-இல் கண்டறிந்தார்கள். மஞ்சள் தடவி வாட்டி எடுக்கும் அந்தத் தோலில் நம் காட்டின் பங்கும் இருக்கிறது.

மிளகாய் அமெரிக்கக் கண்டத்திலிருந்து 16-ஆம் நூற்றாண்டில் போர்ச்சுக்கீசியர் வழியாக வந்தது. அதற்கு முன் குழம்பின் காரம் மிளகினுடையது.

இந்தப் பெயர்களைச் சற்றுப் பிரித்துப் பாருங்கள். மிளகு இருந்தது, புதிதாக வந்த காய்க்கு மிளகாய் என்று பெயரானது. வரகு இருந்தது, நிறமுள்ள இன்னொரு தானியம் கேழ்வரகு ஆனது. 'கேழ்' என்றால் பழந்தமிழில் நிறம். வள்ளிக்கிழங்கு இருந்தது, தென்னமெரிக்காவிலிருந்து வந்த கிழங்கு மரவள்ளி ஆனது. வந்ததை எல்லாம் ஏற்கெனவே வீட்டில் இருப்பதன் பெயரோடு முடிந்து உறவாக்கிக்கொண்டிருக்கிறது தமிழ். அயல்பொருள் என்று ஒதுக்கவில்லை. எனக்கு இது பெரிய பண்பாகப் படுகிறது.

சமைத்துப் போட்டவர்களும் வந்தவர்கள்தான். கல்வராயனின் மலையாளிப் பழங்குடியினர், தங்கள் முன்னோர் காஞ்சிபுரத்திலிருந்து மலையேறியதாகச் சொல்கிறார்கள். கேரளத்துக்கும் அவர்களுக்கும் தொடர்பில்லை, மலையை ஆள்பவர் என்பதே பெயரின் பொருள். இந்த மலையில் ஜாகீர்தார்களின் அதிகாரம் 1976 வரை நீடித்தது. கடையும் சாலையும் எட்டாத அந்தக் காலத்தில் கேவுருதான் சேமிப்பு. நன்றாகக் காயவைத்த கேழ்வரகைப் பூச்சி எளிதில் அண்டாது, ஆண்டுக்கணக்கில் குதிரில் கிடக்கும். மழை பொய்த்தால் அதைத் திறப்பார்கள். சாமையும் தினையும் அதற்குத் துணை.

இன்றைக்குச் சரிவெங்கும் மரவள்ளி. சேலத்தில் 1940-களில் தொடங்கிய ஜவ்வரிசித் தொழிலின் பசி இந்த மலைவரை நீண்டிருக்கிறது. லாரியில் ஏறினால் கையில் பணம், அதனால் யாரையும் குறை சொல்ல முடியாது. பாட்டியிடம் மாவு எங்கே வாங்கியது என்று கேட்டேன். கீழே கடையில் வாங்கியது என்றார். ஆப்பிரிக்காவிலிருந்து இவ்வளவு தூரம் வந்து மலையேறிய தானியம், இப்போது பொட்டலமாகப் பேருந்தில் ஏறுகிறது. குழம்பின் ருசியையும் மீறி, அது எனக்குத் தொண்டையில் நின்றது.

2023-இல் நீலகிரி, தருமபுரி மாவட்டங்களின் ரேஷன் கடைகளில் அரிசிக்குப் பதிலாக 2 கிலோ கேழ்வரகு கொடுக்கத் தொடங்கியது தமிழக அரசு. அதேபோல், கல்வராயனில் விளையும் கேவுருவை நல்ல விலைக்குக் கொள்முதல் செய்து, கல்வராயன் ரேஷன் கடைகளிலேயே கொடுக்க வேண்டும். இந்த மலை இருக்கும் கள்ளக்குறிச்சி தனி மாவட்டமானது 2019-இல். இதைச் செய்ய வேண்டிய ஆட்சியர் அலுவலகம் மலையடிவாரத்திலிருந்து வெகுதூரத்தில் இல்லை.