வட அமெரிக்காவில் மரம் வெட்டும் தொழிலின் வரலாறு

வட அமெரிக்காவில் மரம் வெட்டும் தொழில் என்பது, ஐரோப்பியக் குடியேற்றக்காரர் 17ஆம் நூற்றாண்டில் கண்டத்தின் கிழக்குக் கரையில் தொடங்கி, 20ஆம் நூற்றாண்டின் முற்பகுதிக்குள் பசிபிக் கரை வரை கொண்டு சென்ற தொழில் ஆகும். கப்பல், வீடு, தொடர்வண்டிப் பாதை ஆகியவற்றுக்கு வேண்டிய மரம் இத்தொழிலால் கிடைத்தது. இதில் ஈடுபட்டோர் ஆங்கிலத்தில் "லம்பர்ஜாக்" எனவும், பசிபிக் பகுதியில் "லாகர்" எனவும் அழைக்கப்பட்டனர்.

தொடக்கம்

கிழக்குக் காடுகளில் வளர்ந்த வெண்பைன் நேராகவும் மிக உயரமாகவும் வளர்வது, எடை குறைந்தது. எனவே போர்க்கப்பல்களின் பாய்மரத்துக்கு இது ஏற்றதாக இருந்தது. 1691ஆம் ஆண்டின் மாசச்சூசெட்ஸ் பட்டயம், தனியாருக்கு வழங்கப்படாத நிலங்களில் 24 அங்குலமும் அதற்கு மேலும் விட்டமுள்ள மரங்களை இங்கிலாந்து அரச கடற்படைக்கு ஒதுக்கியது. இம்மரங்களில் அம்பு வடிவக் குறி வெட்டப்பட்டது. குடியேற்றக்காரர் இதை வெறுத்தனர். 1772இல் நியூ ஹாம்சயரின் வேர் என்னும் ஊரில், தடை செய்யப்பட்ட மரங்களை வைத்திருந்தவர்களைக் கைது செய்ய வந்த அதிகாரி தாக்கப்பட்டார். இது "பைன் மரக் கலகம்" எனப்படுகின்றது.

நெப்போலியன் 1806இல் பிரித்தானியாவுக்கு எதிராக வணிகத் தடை விதித்ததன் பின்னர், பால்டிக் பகுதி மரம் பிரித்தானியாவுக்குக் கிடைப்பது அரிதாயிற்று. அதற்கு ஈடாகக் கனடாவின் காடுகள் வெட்டப்பட்டன. அதே ஆண்டில் பிலமன் ரைட் என்பவர் ஒட்டாவா ஆற்றின் வழியாகக் கியூபெக் நகருக்கு முதல் மரத் தெப்பத்தைக் கொண்டு சென்றார்.

மேற்கு நோக்கிய நகர்வு

19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் மெய்ன் மாநிலத்தின் பெனோப்ஸ்காட் ஆற்றங்கரையில் உள்ள பாங்கர் நகரம் பெரிய மரத் துறைமுகமாக விளங்கியது. கிழக்கில் பெருமரங்கள் குறைந்தபோது தொழில் மிச்சிகன், விஸ்கொன்சின், மினசோட்டா ஆகிய மாநிலங்களுக்கு நகர்ந்தது. அங்கும் பைன் காடுகள் சில பத்தாண்டுகளில் தீர்ந்தன. 1900இல் பிரெடரிக் வெயர்ஹவுசரும் அவருடைய கூட்டாளிகளும் வாஷிங்டன் மாநிலத்தில் 9,00,000 ஏக்கர் காட்டை ஒரு தொடர்வண்டி நிறுவனத்திடமிருந்து, ஏக்கர் 6 டாலர் விலையில் வாங்கினர்.

தொழில் முறை

கிழக்கிலும் ஏரிப் பகுதியிலும் மரம் வெட்டுதல் குளிர்கால வேலையாக இருந்தது. வெட்டிய மரங்களைக் காளைகளோ குதிரைகளோ பனிச்சறுக்கு வண்டிகளில் இழுத்து உறைந்த ஆற்றின் கரையில் சேர்த்தன. வண்டி எளிதில் வழுக்கிச் செல்லும் பொருட்டு இரவில் பாதையின் மீது நீர் தெளித்து உறைய விட்டனர். எந்த மரம் எவருடையது என அறிய, ஒவ்வொரு கட்டையின் முனையிலும் உரிமையாளரின் குறி சம்மட்டியால் பதிக்கப்பட்டது.

வசந்த காலத்தில் பனி உருகி ஆறு பெருகியதும் மரங்கள் நீரில் தள்ளப்பட்டன. ஆணி பதித்த காலணிகளுடன் மிதக்கும் கட்டைகளின் மேல் நடந்து அவற்றை வழிநடத்தியவர்கள் ஆற்றோட்டிகள் ஆவர். கட்டைகள் சிக்கி அடைத்துக்கொண்டால் அடைப்பை விடுவிப்பது இவர்களின் வேலை. அடைப்பு திடீரென விடுபடும்போது பலர் நசுங்கியும் மூழ்கியும் இறந்தனர். மெய்னைச் சேர்ந்த கொல்லர் ஜோசப் பீவி 1858 அளவில் உருவாக்கிய, கொக்கியும் கூர்முனையும் கொண்ட நெம்புகோல் அவர் பெயராலேயே "பீவி" என வழங்கலாயிற்று.

பசிபிக் கரையின் மரங்கள் மிகப் பெரியவை. அடிப்பகுதி பருத்திருந்ததால், தண்டில் பல அடி உயரத்தில் வெட்டுக் குழி செய்து, அதில் பலகையைச் செருகி, அப்பலகை மேல் நின்று இருவர் நீண்ட ரம்பத்தால் அறுத்தனர். குறுக்கே பதித்து எண்ணெய் பூசிய கட்டைகளாலான சறுக்குப் பாதையில் காளைகள் மரத்தை இழுத்தன. 1881இல் கலிபோர்னியாவில் ஜான் டால்பியர் நீராவி இழுவைப் பொறியை அமைத்தார். செங்குத்தான பாதைகளில் ஓடக்கூடிய, எப்ரயிம் ஷே வடிவமைத்த நீராவி இயந்திரமும் அதே ஆண்டில் காப்புரிமை பெற்றது. இவை வேலையை விரைவாக்கின. அறுந்து வீசும் இரும்புக் கயிறு புதிய ஆபத்தாயிற்று.

மரவெட்டிகளின் வாழ்க்கை

மரவெட்டிகளில் பிரெஞ்சுக் கனடியர், அயர்லாந்தினர், ஸ்காண்டிநேவியர், பின்லாந்தினர், பெனோப்ஸ்காட், ஒஜிப்வே முதலிய முதற்குடியினர் எனப் பலர் இருந்தனர். காலை இருட்டில் தொடங்கிய வேலை மாலை இருட்டில் முடிந்தது. தொடக்க கால முகாம், நடுவில் தீ எரியும் ஒற்றை மரக்கொட்டகையே. மரக்கிளைகளைப் பரப்பி, பலர் ஒரே நீண்ட போர்வையின் கீழ் உறங்கினர். ஈரத் துணிகளின் நாற்றமும் பேன் தொல்லையும் பொதுவானவை. அவரையும் உப்பிட்ட பன்றி இறைச்சியும் தேநீரும் முதன்மை உணவு. சாப்பிடும்போது பேசக்கூடாது என்பது பல முகாம்களின் விதி. நல்ல சமையற்காரர் இல்லாத முகாமில் ஆட்கள் நிலைப்பதில்லை.

விழும் கிளைகளுக்கு அவர்கள் இட்ட பெயர் "கைம்பெண் ஆக்கி" என்ற பொருள் தருவது. குளிர்காலக் கூலி வசந்தத்தில் மொத்தமாகக் கிடைத்தது. அது பலருக்கு நகரத்து மதுக்கடைகளிலேயே கரைந்தது. பால் பன்யன் என்னும் பேருருவ மரவெட்டி பற்றிய கதைகள் இம்முகாம்களில் வாய்மொழியாக வழங்கியவை. 1914இல் ஒரு மர நிறுவனத்தின் விளம்பரச் சிறுநூல் அவற்றைப் பரப்பத் தொடங்கியது.

மர ஆலைகளில் இந்தியர்களும் பணிபுரிந்தனர். 1907 செப்டம்பர் 4 அன்று வாஷிங்டன் மாநிலத்தின் பெல்லிங்காம் நகரில், பெரும்பாலும் சீக்கியரான தெற்காசிய ஆலைத் தொழிலாளரை வெள்ளையர் கும்பல் தாக்கி நகரை விட்டு விரட்டியது.

தொழிலாளர் போராட்டம்

20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் பசிபிக் பகுதி மரவெட்டிகள் தம் படுக்கையைத் தாமே சுமந்து முகாம் முகாமாகச் சென்றனர். 1917இல் உலகத் தொழில்துறைத் தொழிலாளர் சங்கத்தினரும் பிற சங்கத்தினரும் நடத்திய வேலைநிறுத்தத்தில் எட்டு மணி நேர வேலையும் தூய்மையான படுக்கையும் கோரப்பட்டன. வானூர்தி செய்யப் போர்க்காலத்தில் ஸ்புரூஸ் மரம் தேவைப்பட்டதால் அரசு தலையிட்டது. 1918 மார்ச்சில் இப்பகுதியில் எட்டு மணி நேர வேலை நடைமுறைக்கு வந்தது.

சுற்றுச்சூழல் விளைவுகள்

வெட்டிய இடங்களில் விடப்பட்ட கிளைகளும் கழிவுகளும் காய்ந்து பெருந்தீக்கு உணவாயின. 1871 அக்டோபர் 8 அன்று விஸ்கொன்சினின் பெஷ்டிகோ பகுதியில் ஏற்பட்ட தீயில் 1,200 முதல் 2,500 பேர் வரை இறந்ததாக மதிப்பிடப்படுகின்றது. 1894இல் மினசோட்டாவின் ஹிங்க்லி நகரில் 400க்கும் மேற்பட்டோர் இறந்தனர். இத்தகைய அழிவுகளும் மரப் பற்றாக்குறை பற்றிய அச்சமும் காடு பாதுகாப்புக்கு ஆதரவைப் பெருக்கின. 1891இல் காட்டு ஒதுக்கீட்டுச் சட்டமும் 1905இல் ஐக்கிய அமெரிக்க வனச் சேவையும் உருவாயின.

இரண்டாம் உலகப் போருக்குப் பின் சங்கிலி ரம்பமும் பாரவூர்தியும் பழைய முறைகளை மாற்றின. மெய்னின் கென்னபெக் ஆற்றில் 1976இல் இறுதியாக மரம் மிதக்கவிடப்பட்டது. விஸ்கொன்சினில் மெனோமினி முதற்குடியினர் முதிர்ந்த, நலிந்த மரங்களைத் தேர்ந்து வெட்டும் முறையைக் கையாள்கின்றனர். 150 ஆண்டுகளுக்கும் மேலாக வெட்டப்பட்டு வந்தும் அவர்களது காடு அழியாமல் நிற்கின்றது.