திரைக்குப் பின் நிற்கும் வினாசிரியர்

நாடகம் கண்டு மகிழ்வோர் வேடமிட்டு ஆடியோரை நினைவில் கொள்வர். உரையாடல் எழுதித் தந்தவரை நினைப்போர் மிகச் சிலரே. தொலைக்காட்சி வினாடி வினாவும் அத்தகையதே. வினவுவோர் முகத்தை வீடெல்லாம் அறியும். வினாவை ஆக்கியோர் பெயரை அறிவார் அரியர்.

வினா ஆக்குதல் எளிய தொழில் அன்று. மட்டாஞ்சேரியில் வாழும் நாம் நாள்தோறும் காணும் டச்சு அரண்மனையையே எடுத்துக்கொள்வோம். அதனைக் கட்டியவர் யாவர்? பெயரை நம்பி, டச்சுக்காரர் என்பார் பலர். ஆயின் 1555ஆம் ஆண்டை ஒட்டி அதனைக் கட்டிக் கொச்சி மன்னருக்கு அளித்தோர் போர்ச்சுகீசியர். 1663க்குப் பின் டச்சுக்காரர் புதுப்பித்தமையால் அப்பெயர் நிலைத்தது. இத்தகைய வினாவை விடுப்போர் சான்று தேடல் வேண்டும். வேறு விடைக்கு இடமின்மையை உறுதி செய்தல் வேண்டும். மெய்போல் தோன்றும் மூன்று பொய் விடைகளையும் படைத்தல் வேண்டும். இவற்றினும் மேலானது, விடையைக் காத்தல்.

அக்காவல் தவறியதை அமெரிக்க வரலாறு காட்டும். 1956 டிசம்பரில் ‘இருபத்தொன்று’ என்னும் போட்டியில், 1955ஆம் ஆண்டின் சிறந்த படம் எதுவென ஹெர்பர்ட் ஸ்டெம்பெல் வினவப்பட்டார். ‘மார்ட்டி’ என்பதை அவர் நன்கறிவார். எனினும் தயாரிப்பாளர் டான் என்ரைட் முன்னரே பணித்தபடி, தவறான விடை கூறினார். அவரை வென்ற சார்லஸ் வான் டோரன், தமக்கு விடைகள் முன்கூட்டித் தரப்பட்டதை 1959 நவம்பரில் அமெரிக்கப் பேராயக் குழுவின் முன் ஒப்புக்கொண்டார். 1960இல் இத்தகைய மோசடி சட்டப்படி குற்றமாயிற்று.

அதே 1959இல், செப்டம்பர் 15 அன்று, டில்லியில் தொலைக்காட்சி ஒளிபரப்புத் தொடங்கியது. 1985இல் தூர்தர்ஷனின் ‘குவிஸ் டைம்’ நிகழ்ச்சியை நடத்திப் புகழ்பெற்றார் சித்தார்த்த பாசு. பிரிட்டனில் 1998இல் தோன்றிய கோடீஸ்வரப் போட்டி, 2000 ஜூலை 3 அன்று ‘கௌன் பனேகா க்ரோர்பதி’யாக இந்தியில் வந்தபோது, அமிதாப் பச்சன் முன்னே அமர்ந்தார், பாசுவோ தம் சினர்ஜி நிறுவனத்தாருடன் பின்னே நின்று அதனை உருவாக்கினார். முகம் தெரிந்தவர் முகம் மறைத்து உழைத்தது எண்ணத்தக்கது அன்றோ!

2012இல் அப்போட்டி தமிழில் சூர்யாவையும் மலையாளத்தில் சுரேஷ் கோபியையும் கொண்டு வந்தது. இருமொழிச் சூழலில் வாழும் நம் குடும்பங்கள் இரண்டையும் கண்டு களித்தன. சங்க இலக்கியம் குறித்த வினா தமிழருக்கு எளிது, மலையாளியர்க்கு அரிது. ஆதலின் வினாக்களை மொழிபெயர்த்தால் மட்டும் போதாது. அவ்வம் மக்களின் அறிவை அளந்து புதிதாக ஆக்குதல் வேண்டும்.

நம் சங்கங்களின் ஆண்டு விழாவிலும் சிறுவர்க்கு வினாடி வினா நிகழ்வது வழக்கம். பரிசு சிறிதாயினும் நீதி சிறிதன்று. தன் மகனுக்கும் அயலார் மகளுக்கும் ஒரே அளவில் விடையை மறைத்து வைப்பவரே நல்ல வினாசிரியர். வென்றோரைப் பாராட்டும் நாம், அவர்க்கும் ஒரு கைத்தட்டல் அளிப்போமாக.