கடல் கடந்து பந்தாடிய ஆலன் சிமோன்சன்

கடல் கடந்து பிழைக்கப் போவது தமிழனுக்குப் புதிய செய்தி அன்று. நாகப்பட்டினத்தில் கப்பலேறி, பினாங்கு துறைமுகத்தில் வந்திறங்கி, ஜெரஜாக் தீவின் நோய்த்தடுப்பு முகாமில் சில நாள் கிடந்து, பிறகு தோட்டத்து லயத்துக்கு வந்து சேர்ந்தவர்களின் பேரப்பிள்ளைகளும் கொள்ளுப்பேரர்களும்தான் இன்று நம் பள்ளியில் படிக்கிறார்கள். அப்படி வந்தவர்களைப் பற்றி ஊரில் இருந்தவர்கள் என்ன சொன்னார்கள்? "போனவன் போனவன்தான்" என்றார்கள். ஆனால் மாதாமாதம் மணியார்டர் வரவில்லையே என்று வழி பார்த்தவர்களும் அவர்கள்தாம்!

சம்பளத்துக்காகப் பிற நாடு போனவனைத் தாய்நாடு எப்படி நடத்த வேண்டும்? இந்தக் கேள்விக்கு விடை தேடிச் சங்கடப்பட்ட நாடுகளில் ஐரோப்பாவின் டென்மார்க்கும் ஒன்று. அங்கே அந்தக் கேள்வி எழுந்தது காற்பந்துத் திடலில். அந்த வரலாற்றையும், அதில் நடுநாயகமாக நிற்கும் ஆலன் சிமோன்சன் என்ற குள்ள உருவ ஆட்டக்காரரின் வாழ்க்கையையும் மாணவர்களும் பெற்றோர்களும் அறிந்துகொள்வது நலம்.

டென்மார்க்கும் நாமும்

டென்மார்க் மிகச் சிறிய நாடு. இருந்தாலும் தமிழருக்கும் அதற்கும் பழைய தொடர்பு உண்டு. தஞ்சைக் கடற்கரையில் உள்ள தரங்கம்பாடியில் டேனிஷ்காரர்கள் 1620-ஆம் ஆண்டு கோட்டை கட்டினார்கள். 1845-இல் அதை ஆங்கிலேயருக்கு விற்றுவிட்டுப் போனார்கள். இடையில், 1706-இல் டென்மார்க் மன்னர் அனுப்பி வந்த சீகன்பால்கு என்பவர் அங்கே தமிழ் கற்று, அச்சுக்கூடம் வைத்துத் தமிழ் நூல்களை அச்சிட்டார்.

மலாயாவிலும் அவர்கள் கால் பதித்தார்கள். பேராக் மாநிலத்தில், அந்நாளில் தெலுக் ஆன்சன் என்றும் இந்நாளில் தெலுக் இந்தான் என்றும் வழங்கும் ஊர்ப்பக்கம், ஜெண்டராட்டா ரப்பர் கம்பெனியை 1906-இல் தொடங்கியவர் ஓகே வெஸ்டன்ஹோல்ஸ் என்ற டேனிஷ் பொறியாளர். அங்கே பால் வெட்டியவர்களிலும் பனங்குலை அறுத்தவர்களிலும் நம்மவர்கள் பலர். ஆக, டேனிஷ்காரர்களும் கடல் கடந்து பிழைத்தவர்கள்தாம். துரையாகப் போனால் ஒரு மாதிரி, தொழிலாளியாகப் போனால் வேறு மாதிரி என்பதுதான் வித்தியாசம்.

கூலி வாங்கினால் குற்றம்

டென்மார்க்கில் காற்பந்து வெகு காலம் சம்பளமில்லா ஆட்டமாகவே இருந்தது. ஆட்டக்காரன் பகலில் வேறு வேலை பார்ப்பான், மாலையில் பந்து விளையாடுவான். விளையாட்டுக்குக் காசு வாங்கினால் அது மாசுபட்டுவிடும் என்று அந்நாட்டுக் காற்பந்துச் சங்கம் எண்ணியது. எவனாவது வெளிநாட்டுக் கழகத்தில் சம்பளத்துக்குச் சேர்ந்தால், அவனுக்கு நாட்டின் தேசியக் குழுவில் இடமில்லை. அவ்வளவுதான், கதவடைப்பு!

இதில் கவனிக்க வேண்டிய ஒன்று உண்டு. வெளிநாடு போவது குற்றம் இல்லை, கூலி வாங்குவதுதான் குற்றம். நில்ஸ் மிடல்போ என்பவர் 1913-ஆம் ஆண்டு முதல் லண்டன் செல்சி கழகத்துக்கு ஆடினார். அவருக்கு வங்கியில் வேலை இருந்தது. ஆகவே ஆட்டத்துக்குச் சம்பளம் வாங்கவில்லை. அவர் 1908, 1912 ஒலிம்பிக் போட்டிகளில் டென்மார்க்குக்கு ஆடி வெள்ளிப்பதக்கம் பெற்றவர். செல்சியில் இருந்தபோதே 1920 ஒலிம்பிக்கிலும் டென்மார்க் சட்டையைப் போட்டுக்கொண்டு ஆடினார். யாரும் தடுக்கவில்லை.

வங்கி வேலை உள்ளவன் சம்பளமில்லாமல் ஆடலாம். கையிருப்பு இல்லாதவன் என்ன செய்வான்? "பந்து அடிச்சா சோறு வருமா?" என்று நம் வீடுகளில் கேட்கிறார்களே, அதே கேள்வி டென்மார்க் தொழிலாளர் வீடுகளிலும் இருந்திருக்கும். சோறு வரும் இடம் வேறு நாட்டில் இருந்தது. போனவனுக்கு நாடு இல்லை என்றாயிற்று.

அடைபட்ட கதவின் வெளியே

1948 லண்டன் ஒலிம்பிக்கில் டென்மார்க் இத்தாலியை 5-3 என்ற கோல் கணக்கில் தோற்கடித்தது. அதில் நான்கு கோல்களை அடித்தவர் ஜான் ஹான்சன். மூன்றாம் இடத்துக்கான ஆட்டத்தில் பிரிட்டனையும் அதே 5-3 கணக்கில் வென்று வெண்கலம் பெற்றார்கள். தோற்ற இத்தாலியர்கள் சும்மா இருக்கவில்லை. ஹான்சனை யுவென்டஸ் கழகத்துக்கு அழைத்துக்கொண்டார்கள். 1951-52 பருவத்தில் அவர் 30 கோல்கள் அடித்து இத்தாலியிலேயே அதிக கோல் அடித்தவர் ஆனார். அந்த 30 கோல்களில் ஒன்றுகூட டென்மார்க் கணக்கில் இல்லை. அவரோடு இன்னும் பலர் இத்தாலிக்குப் போனார்கள். டென்மார்க் தன் சிறந்த குழுவைத் தானே கலைத்துக்கொண்டது.

அடுத்தவர் ஹரால்ட் நீல்சன். 1960 ரோம் ஒலிம்பிக்கில் டென்மார்க் வெள்ளிப்பதக்கம் பெற முன்னின்றவர். மறு ஆண்டு, இருபது வயது நிறையும் முன்பே, இத்தாலியின் பொலோனியா கழகத்தில் சேர்ந்தார். 1964-இல் பொலோனியாவும் இன்டர் மிலானும் புள்ளியில் சமமாக நின்றதால், பட்டம் யாருக்கு என்று முடிவு செய்ய ரோமில் தனி ஆட்டம் வைத்தார்கள். பொலோனியா 2-0 என்று வென்றது. இரண்டாவது கோலை அடித்தவர் நீல்சன்.

தேசியக் குழுவில் அவர் ஆடியது மொத்தம் 14 ஆட்டங்கள். அடித்த கோல்களோ 15! ஆட்டத்துக்கு ஒரு கோலுக்கு மேல் அடித்த ஒரு வாலிபனை, சம்பளம் வாங்கினான் என்பதற்காக வாசலுக்கு வெளியே நிறுத்தினார்கள். நஷ்டம் யாருக்கு? நீல்சனுக்கு இத்தாலியில் பேரும் கிடைத்தது, பணமும் கிடைத்தது. நஷ்டப்பட்டது டென்மார்க்.

1971: கதவு திறந்தது

இந்தக் கணக்கு மெல்ல மெல்ல அவர்களுக்குப் புரிந்தது. 1971-ஆம் ஆண்டு, வெளிநாட்டில் சம்பளத்துக்கு ஆடுகிறவரும் தேசியக் குழுவில் ஆடலாம் என்று விதியை மாற்றினார்கள். 1978-இல் உள்நாட்டிலும் சம்பளக் காற்பந்து வந்தது.

விதி மாறிய மறு ஆண்டில் நாட்டை விட்டுப் புறப்பட்டவர்தான் நம் கதாநாயகர்.

குள்ள உருவம், பெரிய ஆட்டம்

ஆலன் சிமோன்சன் 1952 டிசம்பர் 15-ஆம் நாள் டென்மார்க்கின் வைலே என்ற ஊரில் பிறந்தார். உயரம் ஏறத்தாழ 5 அடி 5 அங்குலம். ஐரோப்பியத் திடலில் இது சிறுபிள்ளை உயரம். ஆனால் கால் வேகம் அபாரம். ஊர்க் கழகமான வைலேக்கு ஆடி, 1971, 1972 ஆகிய இரண்டு ஆண்டுகளிலும் டென்மார்க் பட்டத்தை வெல்ல உதவினார்.

1972-இல் மூனிக் ஒலிம்பிக் வந்தது. மலேசியர்களுக்கு மறக்க முடியாத ஒலிம்பிக் அது. எம். சந்திரன், பினாங்கைச் சேர்ந்த நாமாட் அப்துல்லா, ஷாஹாருடின் அப்துல்லா ஆகியோர் இருந்த நம் குழு அங்கே அமெரிக்காவை 3-0 என்று வென்றது. அதே ஒலிம்பிக்கில் இன்னொரு பிரிவில் 19 வயது சிமோன்சன் ஆடினார். டென்மார்க் பிரேசிலையே 3-2 என்று வென்றது. உடனே மேற்கு ஜெர்மனியின் மொன்சென்கிளாட்பாக் கழகம் அவரைச் சேர்த்துக்கொண்டது.

போனவுடனே மாலை மரியாதை கிடைத்துவிடவில்லை. முதல் இரண்டு பருவங்களில் அவருக்குக் கிடைத்த ஆட்டங்கள் மிகக் குறைவு. புது நாடு, புது மொழி, முரட்டு ஆட்டம். பெட்டியைக் கட்டிக்கொண்டு ஊருக்குத் திரும்பியிருக்கலாம். அவர் திரும்பவில்லை. பயிற்சியைத் தொடர்ந்தார். மூன்றாம் பருவத்தில், அதாவது 1974-75-இல், லீக் ஆட்டங்களில் மட்டும் 18 கோல்கள் அடித்தார். அக்கழகம் 1975, 1976, 1977 என்று மூன்று ஆண்டுகள் தொடர்ந்து ஜெர்மன் பட்டம் வென்றது. 1975-இலும் 1979-இலும் யூஃபா கிண்ணத்தையும் வென்றது.

1977-இல் ரோமில் நடந்த ஐரோப்பியக் கிண்ண இறுதியாட்டத்தில் லிவர்புலிடம் 1-3 என்று தோற்றார்கள். அந்த ஒரு கோல் சிமோன்சனுடையது. தோற்ற பக்கத்தில் ஆடியும், அவ்வாண்டின் சிறந்த ஐரோப்பிய ஆட்டக்காரருக்கான தங்கப் பந்து அவருக்கே கிடைத்தது. அவருக்கு 74 புள்ளி, வென்ற பக்கத்தில் ஆடிய கெவின் கீகனுக்கு 71, பிரான்ஸின் பிளாட்டினிக்கு 70. டென்மார்க் ஆண் ஆட்டக்காரர்களில் அந்தப் பரிசைப் பெற்ற முதல்வர் அவர்தாம்.

பார்சிலோனாவும் ஒரு சின்னக் கழகமும்

1979-இல் ஸ்பெயின் நாட்டுப் பார்சிலோனாவில் சேர்ந்தார். 1982-இல் அக்கழகம் கிண்ண வெற்றியாளர் கிண்ணத்தை வென்றபோது, இறுதியாட்டத்தில் அவரும் ஒரு கோல் அடித்தார். ஐரோப்பியக் கிண்ணம், யூஃபா கிண்ணம், கிண்ண வெற்றியாளர் கிண்ணம் ஆகிய மூன்றின் இறுதியாட்டங்களிலும் கோல் போட்ட ஆட்டக்காரர் இவர் ஒருவரே.

அவ்வளவு செய்தும் அதே ஆண்டு அவர் இடம் ஆட்டம் கண்டது. அன்றைய ஸ்பெயின் விதிப்படி ஒரு கழகம் இரண்டு வெளிநாட்டவரையே இறக்க முடிந்தது. ஜெர்மானியர் ஷூஸ்டர் ஏற்கெனவே இருந்தார். பார்சிலோனா அர்ஜென்டினாவின் மரடோனாவை வாங்கியது. மூன்று பேருக்கு இரண்டு இடம்! வெளிநாட்டில் வேலை செய்கிறவனின் நிலை இதுதான். எவ்வளவு உழைத்தாலும், பெர்மிட் கணக்கு வரும்போது முதலில் எண்ணப்படுகிறவன் அவன்தான். நம்மில் 1969-க்குப் பிறகு வேலைப் பெர்மிட் இல்லாமல் தோட்டத்தை விட்டுக் கப்பலேறிப் போன குடும்பங்களை அறிந்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை.

சிமோன்சன் பெரிய கழகங்களைத் தேடிப் போகாமல், இங்கிலாந்தில் இரண்டாம் பிரிவில் இருந்த சார்ல்டன் கழகத்தில் சேர்ந்தார். எல்லாரும் வியந்தார்கள். 16 ஆட்டங்களில் 9 கோல்கள் அடித்தார். ஆனால் கழகத்திடம் பணமில்லை. சில மாதங்களில் அந்தக் கதை முடிந்தது. 1983-இல் சொந்த ஊரான வைலேக்கே திரும்பினார். ஊர் அவரை ஏற்றுக்கொண்டது. மறு ஆண்டே வைலே மீண்டும் டென்மார்க் பட்டம் வென்றது.

திறந்த கதவின் பலன்

1983 செப்டம்பர் 21-ஆம் நாள் லண்டன் வெம்பிளி அரங்கில் டென்மார்க் இங்கிலாந்தை 1-0 என்று வென்றது. பெனால்டி உதையில் அந்தக் கோலை அடித்தவர் சிமோன்சன். அந்த வெற்றியின் பலத்தில் டென்மார்க் 1984 ஐரோப்பியப் போட்டிக்குத் தகுதி பெற்றது. ஆனால் பாரிஸில் பிரான்ஸுக்கு எதிரான முதல் ஆட்டத்திலேயே அவர் கால் எலும்பு முறிந்தது. அவரில்லாமலே டென்மார்க் அரையிறுதி வரை சென்றது. 1986-இல் முதல் முறையாக உலகக் கிண்ணத்திலும் ஆடியது. 1992-இல் ஜெர்மனியை 2-0 என்று வென்று ஐரோப்பாவுக்கே வெற்றியாளர் ஆனது.

இந்தக் குழுக்களில் வெளிநாட்டில் சம்பளத்துக்கு ஆடியவர்கள் பலர். பழைய விதி இருந்திருந்தால் அவர்களில் ஒருவரும் உள்ளே வந்திருக்க முடியாது. நீல்சனுக்கு 14 ஆட்டத்தோடு கதவடைத்த நாட்டுக்கு, சிமோன்சன் 55 ஆட்டங்கள் ஆடி 20 கோல்கள் கொடுத்தார். இருவருக்கும் திறமையில் குறைவில்லை. விதிதான் வேறு.

நம் பக்கத்துக் கதை

மலேசியாவில் 1989-இல் பகுதிச் சம்பளக் காற்பந்து லீக் தொடங்கியது. வெளிநாட்டு ஆட்டக்காரர்களும் வந்தார்கள். சிங்கப்பூரில் பிறந்த தமிழர் வி. சுந்தரமூர்த்தி, ஸ்விட்சர்லாந்தின் பாசல் கழகம் வரை போய்வந்தவர். பினாங்குக்கு அடுத்த கெடா மாநிலத்துக்கு ஆடி, 1990-இல் மலேசியக் கிண்ணம் வென்ற குழுவில் இருந்தார். 1992-இல் பகாங் குழுவோடும் அதே கிண்ணத்தை வென்றார். அதற்காகச் சிங்கப்பூர் அவரை அந்நியனாக எண்ணவில்லை. பின்னாளில் தேசியக் குழுவுக்கே பயிற்றுநர் ஆக்கியது. ஆக, டென்மார்க் அறுபது ஆண்டு தடுமாறிக் கற்ற பாடத்தை நம் வட்டாரம் சுலபமாகவே கற்றுக்கொண்டது எனலாம்.

நாம் எண்ண வேண்டியது

பெற்றோர்களே! தோட்டத்தை விட்டு நம் பிள்ளைகள் போய்க்கொண்டுதான் இருக்கிறார்கள். பிறைக்கும் பாயான் லெப்பாசுக்கும் தொழிற்சாலை வேலைக்குப் போகிறார்கள். கோலாலம்பூருக்கும் சிங்கப்பூருக்கும் போகிறார்கள். "ஊரை மறந்துட்டான்" என்று வாய் கூசாமல் சொல்லிவிடுகிறோம். அவன் மறந்தானா, நாம் வாசலைச் சாத்தினோமா என்று ஒரு நிமிடம் யோசிக்க வேண்டாமா? கோயில் திருவிழாவுக்கு நன்கொடை மட்டும் கேட்டு எழுதுகிறோம். வந்து பிள்ளைகளுக்கு நாலு வார்த்தை சொல் என்று கேட்டு எழுதுகிறோமா?

மாணவச் செல்வங்களே! உருவம் சிறியது என்றோ, படிப்பது தோட்டப்பள்ளி என்றோ தாழ்வு எண்ணம் வேண்டாம். சிமோன்சன் இரண்டு ஆண்டுகள் ஓரத்தில் உட்கார்ந்திருந்தார், மூன்றாம் ஆண்டில் எழுந்தார். உழைப்புக்குக் கூலி வாங்குவதில் வெட்கம் ஏதுமில்லை. நாளை எந்த நாட்டில் வேலை பார்த்தாலும், பிறந்த இடத்துக்கு ஒரு வெம்பிளி கோல் பாக்கி வைத்திருப்பதாக எண்ணிக்கொள்ளுங்கள்.

பள்ளியை விட்டுப் போனவர்களின் பெயரை வருகைப் பதிவேட்டில் அடித்துவிடுவது வழக்கம். அது பதிவேட்டோடு நிற்கட்டும்.