புதுவையில் ஒலித்த போர்ப்பாட்டு

பஸ்தீல் சிறை வீழ்ந்த நாளாகிய ஜூலை 14 அன்று, புதுவைக் கடற்கரைப் போர் நினைவுச் சின்னத்தின் முன் இரு நாட்டுப்பண்கள் ஒலிக்கும். ஒன்று நம்முடையது, மற்றொன்று பிரான்சு நாட்டின் ‘லா மார்செய்யேஸ்’.

பின்னது படைநடைக்கேற்ற போர்ப்பாட்டாகவே பிறந்தது. 1792 ஏப்ரலில் பிரான்சு ஆஸ்திரியாவின்மீது போர் தொடுத்ததும், எல்லை நகரான ஸ்திராஸ்பூரின் மேயர் தீத்ரிக் வேண்டியதற்கிணங்க, ரூழே தெ லீல் என்னும் படை அதிகாரி ஓர் இரவில் அதனை இயற்றினார். மார்செய் நகரத் தொண்டர்கள் அதனைப் பாடிக்கொண்டே பாரிசுக்குள் புகுந்தமையால் அவ்வூர்ப் பெயரே நிலைத்தது. பாட்டின் பிறப்பில் அவ்வூருக்குப் பங்கில்லை என்பது வேடிக்கை. பாட்டைக் கேட்டு வாங்கிய மேயரையோ அடுத்த ஆண்டே புரட்சி கில்லட்டினுக்கு அனுப்பியது! 1795-இல் நாட்டுப்பாட்டாகிப் பின்னர் ஒதுக்கப்பட்ட அது, 1879-இல் மீண்டும் அந்நிலை பெற்றது.

கொடுங்கோன்மையை எதிர்த்தெழுந்த அப்பாட்டு, இங்கே அயலார் ஆட்சியின் பாட்டாக ஒலித்தது. 1954 நவம்பர் 1-இல் அவ்வாட்சி அகன்றது. பாட்டு முற்றிலும் அகலவில்லை. முதல் உலகப்போரில் பிரான்சுக்காக மாண்ட இப்பகுதி வீரர்க்கென 1938-இல் எழுப்பப்பட்டதே அச்சின்னம். பிரெஞ்சுப் படையிற் பணியாற்றி ஓய்வுபெற்ற தமிழர், பதக்கங்கள் அணிந்து அங்கே வந்து நிற்பர். பணிக்காலத்தில் அவர்கள் விறைத்து நின்று கேட்ட இசை அது.