நெய்யரி எலும்பு: ஒரு கலைச்சொல்லின் பொருளும் வழக்கும்

எழுத்துக்களின் பிறப்பினை உரைக்கப் புகுந்த தொல்காப்பியர், அதற்குரிய இடங்களாக எட்டினை எண்ணுங்கால் மூக்கினையும் அவற்றுள் ஒன்றாக வைத்தார். மெல்லெழுத்தின் இயல்பை விளக்குதற்கு அவ்வளவே போதியதாயிற்று. மூக்கின் உள்ளமைப்பைப் பகுத்துப் பெயரிடும் கடமை இலக்கண நூலாரது அன்று. அது மருத்துவ நூலாரது. அம்மருத்துவத் துறையில் இன்று தமிழில் வழங்கும் பெயர்களுள் ‘நெய்யரி எலும்பு’ என்பது ஒன்று. மேனாட்டார் ‘எத்மாய்டு’ எனக் கூறும் எலும்பிற்கு இது பெயர். இப்பெயர் யாது பொருள் குறித்தது, எவ்வழி வந்தது, எவ்வாறு கொள்ளப்படல் வேண்டும் என்பவற்றை ஈண்டு ஆராய்வாம்.

ஓர் எலும்பின் பெயர்பற்றி இத்துணை ஆராய வேண்டுவது என்னையெனின், இப்பெயரில் அடங்கிய உவமையும் மருத்துவர்தம் பிழைக் கொள்கை ஒன்றும் ஒன்றையொன்று தாங்கிக்கொண்டு 1,400 ஆண்டுகட்கு மேல் நிலைபெற்றன. அவ்வுவமையையே நாமும் தமிழில் எடுத்துக்கொண்டுள்ளோம். எடுத்துக்கொண்டது உவமையை மட்டுமா, பிழையையும் கூட்டியா என்பது தெளியப்படல் வேண்டும்.

1. எலும்பின் அமைப்பு

நெய்யரி எலும்பு இரு கண்குழிகளுக்கும் இடையே, மூக்கறையின் கூரையில், மண்டையோட்டுத் தளத்தின் முற்பகுதியில் அமைந்த ஒற்றை எலும்பாகும். காற்றறைகள் பல உடைமையின் மிக இலேசானது. இதன் பகுதிகள் நான்கு. முதலாவது, மூளைக்கும் மூக்கிற்கும் இடையே கிடையாகக் கிடக்கும் மெல்லிய தட்டு. இரண்டாவது, அதனின்று கீழ்நோக்கி இறங்கி மூக்கின் நடுச்சுவருடைய மேற்பகுதியாக நிற்கும் தட்டு. ஏனை இரண்டும் இருமருங்கும் தொங்கும் காற்றறைத் தொகுதிகள். மூக்கினுள் சுருண்டு தோன்றும் மடல்களுள் மேலதும் நடுவதும் இத்தொகுதிகளின் கூறுகளே. கீழ்மடல் தனி எலும்பு. கிடைத்தட்டின் மேலே சேவலின் கொண்டைபோல் ஒரு முகடு எழுந்து நிற்கும்.

கிடைத்தட்டில் நுண்ணிய துளைகள் பல உள. அவற்றின் வழியே, பக்கத்திற்கு ஏறத்தாழ இருபதாக, மணம் உணரும் நரம்பிழைகள் மூக்கினின்று மேலேறி மூளையைச் சாரும். எலும்பு முழுமைக்கும் பெயர் தந்தவை இத்தட்டின் துளைகளே. ஆகவே உறுப்பு ஒன்றின் இயல்பு முதலுக்கு ஏறி நின்றது என்பதை முதற்கண் மனங்கொள்ள வேண்டும்.

2. ‘நெய்யரி’ என்னும் சொல்

நெய்யரி என்பது நெய் என்னும் பெயரும் ‘அரி’ என்னும் வினையடியும் சேர்ந்து, நெய்யை அரித்தற்குரிய கருவியை உணர்த்துவது. இவ்வடி ‘அரிப்பு’, ‘அரித்தெடுத்தல்’ என்பவற்றிலும் காணப்படும். நன்னூலார் மாணாக்கரைத் தலை, இடை, கடை என மூவகைப்படுத்தி உவமை கூறுமிடத்து, கடைமாணாக்கர்க்குக் கூறிய உவமைகளுள் ஒன்றாக நெய்யரியை வைத்தார். உரையாளர் இதற்குப் பன்னாடை எனப் பொருள் கூறுவர். பனை, தென்னை முதலியவற்றின் மட்டையடியில் வலைபோற் பின்னிக்கிடக்கும் நாரே பன்னாடையாகும். அது நெய்யையும் தேனையும் ஒழுகவிட்டுக் கோதினைத் தன்கண் நிறுத்திக்கொள்ளும். அதுபோலக் கடைமாணாக்கன் நல்லனவற்றைப் போகவிட்டு அல்லனவற்றைப் பற்றிக்கொள்வான் என்பது கருத்து.

ஈண்டு நோக்கத்தக்கது ஒன்றுண்டு. நன்னூலார் கொண்டது நெய்யரியின் தொழிலை. அதன் வடிவை அன்று. நல்லது கீழிறங்குதலும் தீயது மேல்தங்குதலுமே அவ்வுவமையின் உயிர். தமிழ் கற்றார் உள்ளத்தில் நெய்யரி என்றவுடன் எழுவதும் இத்தொழிலே. இச்சொல் எலும்பிற்குப் பெயராகும்போது அத்தொழிற்பொருளும் உடன்வருமோ என்னும் ஐயம் இதனாலேயே எழுகின்றது.

3. கிரேக்கர் வழக்கு

‘எத்மாய்டு’ என்பது கிரேக்கச் சொல். ‘எத்மோஸ்’ என்பது அம்மொழியில் வடிகட்டியைக் குறிக்கும். ‘வடிகட்டி போன்றது’ என்பதே முழுச்சொல்லின் பொருள். எனவே தமிழ்ப்பெயர் கிரேக்கப் பெயரின் நேர் பெயர்ப்பு என்பது போதரும்.

ஹிப்போக்கிரட்டீசின் பெயரால் வழங்கும் நூல்களுட் சில, தலையினின்று உடலின் பல பகுதிகட்கு நீர் ஒழுகும் என்றும், அவ்வொழுக்கு ஏழு வகைப்படும் என்றும் கூறும். மூக்கொழுக்கு அவற்றுள் ஒன்று. கி.பி. இரண்டாம் நூற்றாண்டினராகிய கேலன் இக்கருத்திற்கு உறுப்பமைப்பின் துணைகொண்டு விளக்கம் தந்தார். மூளை உணவுகொண்டு எஞ்சவிட்ட தடித்த கழிவு கீழிறங்குதற்கு வழிகள் உளவென்றும், அவற்றுள் ஒன்று இத்துளையெலும்பின் வாயிலாக மூக்கிற்கு வருவதென்றும் அவர் கொண்டார். மணமும் இத்துளைகளின் வழியே மூளையின் உள்ளறைகளைச் சென்று சேரும் என்பது அவர் கோட்பாடு.

ஆயினும் கேலன் பெயரை ஆராயாது ஏற்றவர் அல்லர். உறுப்புக்களின் பயன்பற்றித் தாம் எழுதிய பெருநூலில், இவ்வெலும்பை வடிகட்டிக்கு ஒப்பிடுதலினும் கடற்பஞ்சிற்கு ஒப்பிடுதலே பொருந்தும் என்றார். வடிகட்டியின் துளைகள் நேரே ஊடுருவுவன. இவ்வெலும்பின் வழிகளோ பஞ்சின் புழைகள்போல் வளைந்து செல்வன என்பது அவர் கூறிய காரணம். வடிவுபற்றிய இக்கூர்த்த நோக்கம் வழக்கில் நிலைபெறவில்லை. அவர் கூறிய கழிவுநீர்க் கொள்கையோ நிலைபெற்றுவிட்டது.

4. மொழிபெயர்ப்பும் கொள்கையும்

கேலனுடைய நூல்கள் அரபு மொழிக்குச் சென்றபோது இப்பெயரும் உடன் சென்றது. அரபு மருத்துவர் ‘மிஸ்ஃபாத்’ என்னும் சொல்லால் இவ்வெலும்பைக் குறித்தனர். அதற்கும் வடிகட்டி என்பதே பொருள். இலத்தீனில் ‘கிரிப்ரம்’ எனப்படும் சல்லடையின் பெயரடியாகவும், வடித்தலைக் குறிக்கும் பிறிதொரு சொல்லின் அடியாகவும் பெயர்கள் அமைந்தன. மூன்று மொழியினரும் ஒலியைப் பெயர்த்துக்கொள்ளாது பொருளையே பெயர்த்துக்கொண்டனர். பொருளைப் பெயர்த்தலின், எம்மொழியில் இவ்வெலும்பின் பெயரைக் கேட்டார்க்கும் ‘இஃது எதனையோ வடிக்கின்றது’ என்னும் எண்ணம் கேட்டவுடன் உண்டாயிற்று. வடிப்பது யாதென வினவினார்க்கு மூளைக்கழிவு என்னும் விடை ஆயத்தமாக இருந்தது. இவ்வாறு பெயர் கொள்கைக்குச் சான்றாகவும், கொள்கை பெயருக்கு விளக்கமாகவும் அமைந்தன.

‘கட்டார்’ என்னும் நோய்ப்பெயரும் கீழே ஒழுகுதல் என்னும் பொருளுடைய கிரேக்கச் சொல்லே. நம் நாட்டிலும் ‘தலையில் நீர் கோத்துக்கொண்டது’ என்னும் வழக்கும் ‘நீர்க்கோவை’ என்னும் பெயரும் உள. மூக்கொழுக்கின் ஊற்று தலையினுள் இருப்பதாகக் கருதுதல் ஒரு நாட்டார்க்கே உரியதன்று என்பது இதனால் விளங்கும்.

5. கொள்கையின் வீழ்ச்சி

1543-இல் வெளிவந்த வெசேலியசின் உடலமைப்பு நூல் எலும்புகளை நேரிற் கண்டு வரைந்து காட்டியது. எனினும் மூளைக்கழிவு கீழிறங்கும் என்னும் பழங்கொள்கை அதனோடு ஒழிந்துவிடவில்லை. அதனை ஒழித்தவர் விட்டன்பர்க் பல்கலைக்கழகப் பேராசிரியர் கோன்ராட் விக்டர் ஷ்னைடர் ஆவர். அவர் 1655-இல் இவ்வொரே எலும்பையும் மணமுணரும் பொறியையும் பற்றித் தனி நூல் எழுதினார். பின்னர் 1660 முதல் மூக்கொழுக்கு நோய்பற்றிப் பல பகுதிகளாக மற்றொரு நூல் வெளியிட்டார். உயிருள்ள உடலில் இத்துளைகள் நரம்பாலும் சவ்வாலும் நிறைந்துள்ளன; சளி இறங்குதற்கு ஆண்டு வழியில்லை; சளி மூக்கின் உட்சவ்விலேயே ஊறுவது என்பன அவர் நிறுவியவை. அச்சவ்வு இன்றும் அவர் பெயரால் வழங்கப்படுகின்றது. 1672-இல் இங்கிலாந்து நாட்டு ரிச்சர்டு லோவரும் இம்முடிபையே வலியுறுத்தினார்.

உலர்ந்த எலும்பைக் கையிலெடுத்துப் பார்ப்பார்க்குத் துளைகள் வெறுமையாகத் தோன்றும். வெறுந்துளை கண்டார்க்கு வடிகட்டி என்னும் உவமை முற்றும் பொருந்தியதாகவே படும். சவ்வும் நரம்பும் பொருந்திய நிலையில் நோக்கினாலன்றி உண்மை புலப்படாது. ஷ்னைடர் எலும்பை மட்டும் நோக்காது, அதனைச் சார்ந்தவற்றொடு வைத்து நோக்கினமையே அவர் வெற்றிக்குக் காரணமாம்.

இனி, மறுப்பாகக் கூறத்தக்கன இரண்டு உள. தலையில் அடிபட்டு இத்தட்டு விரிவுறின், மூளையைச் சூழ்ந்த நீர் மூக்கின் வழியே வடிதல் உண்டு. மூளைநீரின் ஒரு பகுதி நரம்பிழைகளை ஒட்டி மூக்குச் சவ்வின் நிணநாளங்களைச் சேர்தலை விலங்குகளிடத்து நிகழ்ந்த ஆய்வுகள் காட்டியுள்ளன. எனின், பழங்கொள்கை உண்மையோ எனின், அன்று. முன்னது ஊறுபட்ட நிலை, பின்னது சளியாகாது. தலையில் அடிபட்டான் ஒருவனது மூக்கினின்று தெளிந்த நீர் வடியுமாயின், அதனைத் தடுமம் என்று கருதி வாளாவிருத்தல் உயிர்க்கே ஊறாய் முடியும். ஆகவே மூக்குச்சளி வேறு, மூளைநீர் வேறு என்னும் பகுப்பு ஏட்டளவில் நிற்பதன்று.

6. உவமையின் வகை

கொள்கை வீழ்ந்தபின்னும் பெயர் வீழ்ந்திலது. மருத்துவர் அதனை விலக்கவும் இல்லை. அது பொருந்துமாறு யாங்ஙனம் என்பதற்கு விடை தமிழிலக்கணத்திலேயே உளது. தொல்காப்பியர் உவமத்தை வினை, பயன், மெய், உரு என நால்வகைப்படுத்தினார். மெய்யென்பது வடிவு, உருவென்பது நிறம் என்பர் உரையாசிரியர். ‘நெய்யரி எலும்பு’ என்பது ‘நெய்யரி போன்ற எலும்பு’ என விரிதலின் உவமத்தொகை. தொகையில் உவமவுருபு மறைந்து நிற்றலே அன்றி, ஒப்புமை எதுபற்றியது என்பதும் மறைந்து நிற்கின்றது. கேலனும் அவர் வழியினரும் இதனை வினையுவமமாகவும் பயனுவமமாகவும் கொண்டனர். ஷ்னைடர் காட்டிய உண்மையால் இது மெய்யுவமம் ஒன்றே என்பது தேறப்பட்டது.

வினைபற்றி நோக்கினும் நெய்யரி பழங்கொள்கைக்கு இயையாது என்பதனைத் தமிழ்வழக்கு காட்டும். நெய்யரி நல்லதைக் கீழே விட்டுக் கோதினைத் தாங்கும். பழங்கொள்கையின்படி இவ்வெலும்போ கழிவினைக் கீழே விட்டு நல்லதாகிய மூளையைத் தாங்கும். தொழில் தலைமாறி நிற்கின்றது. நல்லதை நிறுத்தி அல்லதைப் போக்குவது முறம், நெய்யரி அன்று. நன்னூலை உணர்ந்த தமிழ் மாணாக்கன் ஒருவன் இப்பெயரைத் தொழில்பற்றிக் கொள்வானாயின், அவனுக்குக் கேலனது பிழைகூடக் கிட்டாது. அதனின் வேறான ஒரு பிழையே கிட்டும்.

7. வழக்கிற்குரிய முடிபு

இப்பெயரை விலக்கி ‘எத்மாய்டு’ என்னும் ஒலிபெயர்ப்பையே கொள்ளலாம் என்பார் உளர். ஒலிபெயர்ப்பு பிழைக்கு இடந்தராது என்பது மெய்யே. அறிவிற்கும் இடந்தராது என்பதும் மெய்யே. யாழ்ப்பாணத்தில் மருத்துவத்தைத் தமிழில் கற்பித்து, 1872-இல் ‘மனுஷ அங்காதிபாதம்’ என்னும் நூலை வெளியிட்ட சாமுவேல் பிஷ் கிறீன் காலந்தொட்டு, உடலுறுப்புக்களைத் தமிழாற் சுட்டும் முயற்சி நடந்து வருகின்றது. வடிவு புலப்படும் பெயர் இருக்க அதனை விடுத்தல் அம்முயற்சிக்கு ஏற்றதன்று.

‘சல்லடை எலும்பு’ எனலாம் என்பார் கூற்றும் ஆராயத்தக்கது. மேனாட்டார் எலும்பு முழுமைக்குக் கிரேக்கச் சொல்லையும், துளையுடைய கிடைத்தட்டிற்கு இலத்தீன் சொல்லையும் ஆள்கின்றனர். இரண்டிற்கும் பொருள் ஒன்றாயினும் சொல் வேறாதலின் மயக்கம் இல்லை. தமிழில் முதலுக்கும் உறுப்பிற்கும் ஒரே சொல்லை வழங்கின் மயக்கம் நேரும். ஆதலின் முழு எலும்பை ‘நெய்யரி எலும்பு’ என்றும், கிடைத்தட்டினைச் ‘சல்லடைத் தட்டு’ என்றும் வரையறுத்து வழங்குதல் தக்கது. வட்டத்துளை நிரம்பிய பரந்த சல்லடை தட்டிற்கு ஏற்ற ஒப்புமை. நாரும் இடைவெளியுமாய் ஒழுங்கின்றிப் பின்னிய பன்னாடையோ காற்றறை செறிந்த முழு எலும்பிற்கு ஏற்ற ஒப்புமை. கேலன் கடற்பஞ்சை வேண்டிய கருத்தும் இதனால் ஓரளவு நிறைவெய்தும்.

அகராதி தொகுப்போர் இச்சொல்லுக்குப் பொருள் எழுதுங்கால் ‘வடிவால் நெய்யரியை ஒத்த மூக்குக்கூரை எலும்பு’ என எழுதல் வேண்டும். ‘வடிக்கும் எலும்பு’ என எழுதுதல் கூடாது. உவமையடியாகப் பிறந்த கலைச்சொல் எதற்கும் இந்நெறியே பொருந்தும். ஒப்புமை நால்வகையுள் எதுபற்றியது என்று தெளிந்த பின்னரே அதனைப் பாடநூலில் ஏற்றுதல் முறையாகும்.