கேள்வி கேட்க யாரை உள்ளே விட்டார்கள்?

அமெரிக்க அதிபர்களும் பத்திரிகைகளும் என்றதும் நிக்சனும் வாட்டர்கேட்டும்தான் நம் நினைவுக்கு வரும். அதிகாரம் ஒரு பக்கம், அதைத் தட்டிக் கேட்கும் பத்திரிகை மறுபக்கம் என்று அந்தக் கதையைச் சொல்லித் தருகிறார்கள். கேள்வி கேட்கும் அறைக்குள் யாரை விட்டார்கள், யாரை வாசலிலேயே நிறுத்தினார்கள் என்பதை மட்டும் அதில் சொல்வதில்லை.

செய்தியாளர்களை முறையாகக் கூட்டிச் சந்திக்கும் வழக்கத்தை 1913 மார்ச்சில் தொடங்கியவர் வுட்ரோ வில்சன். அவர் ஆட்சியில்தான் கருவூலம், அஞ்சல் துறை போன்ற மத்திய அரசு அலுவலகங்களில் கறுப்பின ஊழியர்களைத் தனியாகப் பிரித்து வைத்தார்கள். சாப்பிடும் இடமும் கழிப்பறையும்கூடத் தனி.

பாஸ்டனில் 'கார்டியன்' என்ற கறுப்பின வார இதழை நடத்திய வில்லியம் மன்ரோ ட்ராட்டர், 1912 தேர்தலில் வில்சனை ஆதரித்தவர். 1914 நவம்பரில் ஒரு குழுவோடு வெள்ளை மாளிகைக்குப் போய் இந்தப் பிரிவினையை நேருக்கு நேர் எதிர்த்துப் பேசினார். பிரிவினை கறுப்பின மக்களுக்கும் நல்லதுதான் என்றார் வில்சன். ட்ராட்டர் விடவில்லை. வாதம் முற்றியதும் அதிபர் குறை சொன்னது ட்ராட்டரின் தொனியை. மறுபடி வருவதானால் வேறு ஆளைப் பேச வையுங்கள் என்று குழுவை அனுப்பிவிட்டார்.

வெள்ளை மாளிகைச் செய்தியாளர் சங்கம் உருவானதும் அதே 1914-இல்தான். அடுத்த முப்பது ஆண்டுகள் அதிபரின் செய்தியாளர் சந்திப்பில் ஒரு கறுப்பினச் செய்தியாளர்கூட இல்லை. கதவைச் சாத்தியது அதிபர்கள் மட்டுமல்ல, சக செய்தியாளர்களும்தான். நாளிதழ்க்காரர்களுக்கே இடம் என்பது விதி. கறுப்பினப் பத்திரிகைகளில் பெரும்பாலானவை வார இதழ்கள். விதியில் நிறம் என்ற சொல்லே கிடையாது. ஆனாலும் அது யாரை வெளியே நிறுத்த வேண்டுமோ அவர்களை நிறுத்தியது.

கறுப்பினப் பத்திரிகை உரிமையாளர்கள் தொடர்ந்து நெருக்கியதால் 1944 பிப்ரவரி 8 அன்று ரூஸ்வெல்ட்டின் சந்திப்புக்குள் நுழைந்தார் ஹாரி மெக்கால்பின். அவர் 'அட்லாண்டா டெய்லி வேர்ல்ட்' என்ற கறுப்பின நாளிதழின் சார்பிலும் வந்திருந்தார். அதிபர் அனுமதித்த பிறகும் சங்கம் அவரை உறுப்பினராகச் சேர்க்கவில்லை. தனது நூறாவது ஆண்டான 2014-இல்தான் அவர் பெயரில் ஒரு கல்வி உதவித்தொகையை அறிவித்தது. அவர் 1985-இலேயே இறந்துவிட்டார்.

உள்ளே போனபின் என்ன நடந்தது? 1954 ஜூலையில் 'சிகாகோ டிஃபெண்டர்' செய்தியாளர் எத்தல் பெய்ன் ஐசனோவரிடம் கேட்டார்: மாநிலங்களுக்கு இடையே ஓடும் பேருந்திலும் ரயிலிலும் நிறப் பிரிவினையை எப்போது நிறுத்தப் போகிறீர்கள்? அதிபர் எரிச்சலடைந்தார். எந்தத் தனிக் குழுவின் நலனுக்காகவும் தான் சலுகை காட்ட முடியாது என்ற பொருளில் பதில் சொன்னார். கறுப்பின மக்கள் ரயிலில் சமமாக உட்காருவது அவருக்கு ஒரு குழுவின் தனி விவகாரமாகத் தெரிந்திருக்கிறது. அதன் பிறகு பெய்னுக்குக் கேள்வி கேட்கும் வாய்ப்பு குறைந்தது. ஆனால் அந்தக் கேள்வியும் அதிபரின் எரிச்சலும் மற்ற பத்திரிகைகளிலும் செய்தியாகிவிட்டன. அவ்வகைப் பயணங்களில் பிரிவினை கூடாது என்று 1955 நவம்பரில் மாநிலங்களுக்கு இடையிலான வணிக ஆணையம் உத்தரவிட்டது. அந்த உத்தரவு காகிதத்திலிருந்து நடைமுறைக்கு வர, 1961-இல் இளைஞர்கள் பேருந்துகளில் ஏறி அடிவாங்க வேண்டியிருந்தது.

தோழர்களே, 'பேசும் தொனி சரியில்லை', 'இது உங்கள் ஆட்களின் பிரச்சினை', இந்த இரண்டும் நமக்குப் புதியவை அல்ல. கேள்விக்குப் பதில் இல்லாதவர்கள் அன்றும் இதைத்தான் சொன்னார்கள். பத்திரிகைச் சுதந்திரம் பற்றி அடுத்த முறை படிக்கும்போது, அந்த அறையில் யார் உட்கார்ந்திருந்தார்கள் என்று ஒருமுறை எண்ணிப் பாருங்கள். அதைவிட முக்கியம், ட்ராட்டரும் மெக்கால்பினும் பெய்னும் தங்கள் மக்கள் காசு கொடுத்து வாங்கிப் படித்து வாழவைத்த பத்திரிகைகளின் பலத்தில்தான் அங்கே போய் நின்றார்கள்.